என் வீட்டுக்காரியின் மூக்கு

எல்லாத்துக்கும் காரணம் என் வீட்டுக்காரியோட மூக்குதான் அண்ணாச்சி. சிரிக்காதீங்க. மடியில என்ன பெட்டின்னு நீங்கதான கேட்டீங்க? வயலின். என்னது இல்ல, அவளது. அவ நாகர்கோவில்ல அவ அக்கா வீட்ல இருக்கா. மூணு மாசமாச்சு. இத விட்டுட்டுப் போயிட்டா. அதான் இதையும் எடுத்துக்கிட்டு அவளக் கூட்டிட்டு வரப் போறேன். வருவாளான்னு தெரியல. அதான் பயமா இருக்கு. பஸ்ல ஜன்னல் பக்கம் நீங்களே இருங்க, எனக்குக் காத்து ஒத்துக்காது.

நான் யாருன்னு சொல்லலையே. ஆர்தர் செல்லத்துரை. சொந்த ஊரு பாளையங்கோட்டை, இப்ப முப்பது வருஷத்துக்கு மேல மெட்ராஸ்தான். ஆர்க்கெஸ்ட்ரா நடத்துதேன். கோயில் கொடைத் திருவிழாவுல மைக் பிடிச்சுப் பாடுவாங்களே, அந்த ஆர்க்கெஸ்ட்ரா இல்ல. அதச் சொன்னா எல்லாரும் அதத்தான் நெனைக்காங்க. போன மாசம்கூட ஒருத்தர் கல்யாண ரிசப்ஷனுக்கு என்ன ரேட்டுன்னு கேட்டாரு. இது வெஸ்டர்ன் கிளாசிக்கல். வயலின், வியோலா, செல்லோன்னு எல்லாம் கம்பி வாத்தியம். பதினெட்டுப் பேரு உக்காந்து வாசிப்பாங்க. நான் நடுவுல நின்னு குச்சிய வச்சுக் கை காட்டுவேன்.

கை காட்டுததுக்கு ஒரு ஆளான்னு தோணுதுல்ல? உங்க முகத்துலயே தெரியுது. எங்க மாமனாரு பாஸ்டர். முதல் தடவ எங்க கச்சேரிக்கு வந்துட்டுத் தனியா என்னையக் கூப்பிட்டு, "மாப்பிள்ள, எல்லாரும் வாசிக்காங்க, நீங்க என்ன செய்யுதீங்க?"ன்னு கேட்டாரு. மனுஷன் செத்துப் போயிட்டாரு, அதனால ஒண்ணும் சொல்லக் கூடாது. ஆனா உங்களுக்குச் சொல்லுதேன், கேளுங்க. இத்தன பேரும் ஒண்ணாச் சேந்து ஆரம்பிக்கணும்ல? குச்சி மேல போகும்போதே எவ்வளவு வேகம்னு அவங்களுக்குத் தெரிஞ்சிரணும். கீழ எறங்கும்போது சத்தம் வந்திரணும். அதுதான் வேலையே. ஆரம்பிச்சு விடணும். ஆரம்பிச்சுட்டா மிச்சம் தானாப் போயிரும்.

வயலின் எங்க சர்ச்ல ஆர்கன் வாசிச்ச ஐயாகிட்டப் படிச்சேன். சுகிர்தாவும் அவருகிட்டத்தான். சுகிர்தான்னா என் வீட்டுக்காரி. அவ நல்லாவே வாசிப்பா, அதுல குறை சொல்ல முடியாது. ஐயா அவளத்தான் ரொம்பப் புகழுவாரு. பொம்பளப் பிள்ளைன்னா வாத்தியாருங்களுக்கு ஒரு இரக்கம் இருக்கும்ல. கல்யாணத்துக்குப் பொறகு ரெண்டு பேரும் மெட்ராஸ் வந்தோம். சினிமா ரெக்கார்டிங்ல நான் துணைக்குப் போற செகண்ட் வயலின், அவ ஃபர்ஸ்ட் வயலின். முன்னால நின்னு ஒருத்தர் கை காட்டுவாரு, நான் அவரையே பாத்துக்கிட்டு இருப்பேன். ஒரு நாள் தோணிச்சு, நாம வாசிக்கப் பொறந்தவன் இல்ல, காட்டப் பொறந்தவன்னு.

அப்ப ஜெர்மனியில ஒரு கோடைப் பயிற்சி வந்துச்சு. எழுதிப் போட்டோம். ரெண்டு பேருக்குமே இடம் கெடச்சுது. அவளுக்கு வயலின், எனக்குக் கண்டக்டிங், அதான் இந்தக் கை காட்டுதது. ஆனா எங்க பையன் கைப்பிள்ளை. ஒருத்தர்தான போக முடியும்? உக்காந்து பேசி முடிவு பண்ணோம். நான் பேசுனேன், அவ சரின்னா.

அங்க சொல்லிக் குடுத்தது ஒரு வெள்ளைக்கார அம்மா. "உன் கை ரொம்ப அழகா இருக்கு"ன்னாங்க. இன்னைக்கும் காதுல கேக்குது. அதுக்குப் பொறகு என்னமோ சொன்னாங்க, குச்சி மேல போகும்போது என்ன வேகம்னே தெரியல, ஆளுங்க எப்படி வருவாங்கன்னு. அதெல்லாம் நம்ம ஊர்க்காரன் நல்லாச் செஞ்சா அவங்களுக்கு ஒத்துக்க மனசு வராது. நான் வந்து சொந்தமா ஆர்க்கெஸ்ட்ரா ஆரம்பிச்சுக் காட்டுனேன்ல? இருபது வருஷம் நடத்துனேன்ல? பேப்பர்ல எத்தன போட்டோ. எல்லாத்துலயும் நான்தான் நடுவுல. முதுகுதான் தெரியும், அது வேற விஷயம்.

எனக்கு இடது கைப் பக்கம், முதல் வரிசையில முதல் நாற்காலி. அதுல உக்காருதவங்கள லீடர்னு சொல்லுவோம். சுகிர்தாதான் உக்காருவா. வீட்டு ஆளு இருக்கும்போது வேற யாருக்குக் குடுக்க? ரிகர்சலுக்கு எல்லாரையும் கூப்பிடுதது, நோட்டு எழுதி வைக்கது, வில்லு எந்த எடத்துல மேல போகணும், எந்த எடத்துல கீழ வரணும்னு பென்சில்ல குறிக்கது, யாராவது சரியா வாசிக்கலேன்னா தனியா உக்கார வச்சுச் சொல்லிக் குடுக்கது, இப்படிச் சின்னச் சின்ன வேலையெல்லாம் அவ பாத்துக்கிடுவா. மியூசிக் என் பொறுப்பு. கச்சேரி முடிஞ்சதும் கண்டக்டரு லீடருக்குக் கை குடுக்கணும். அது முறை. உலகம் பூரா அப்படித்தான். நானும் ஒவ்வொரு கச்சேரியிலயும் அவளுக்குக் கை குடுத்திருக்கேன். வேற எந்தப் புருஷன் பொண்டாட்டிக்குக் கை குடுக்கான், சொல்லுங்க பாப்போம்?

சரி, மூக்குக்கு வாரேன்.

போன வருஷம் ஒரு ரெக்கார்டிங். எங்க ஆர்க்கெஸ்ட்ரா வாசிச்சத நல்லா ஒரு பதிவாப் போட்டு வைக்கணும்னு எனக்கு ரொம்ப நாளா ஆச. முடிஞ்சதும் ரியாஸ்னு அந்த இன்ஜினியரு என்னையக் கண்ணாடி ரூமுக்குள்ள கூப்பிட்டான். "மாஸ்டர், ஒரு சத்தம் வருது. ஒவ்வொரு பீஸ் ஆரம்பிக்கறதுக்கு முன்னாடியும் யாரோ மூக்கை உறியறாங்க. வெட்டிடவா?"ன்னான். போட்டுக் காட்டுனான். ஒரு உறிஞ்சல், பொறகு மியூசிக். அடுத்தது. உறிஞ்சல், மியூசிக். வேகமான பீஸ்னா வெடுக்குன்னு ஒண்ணு. மெதுவானதுன்னா இழுத்து, நீளமா. ஒண்ணு விடாம இருக்கு அண்ணாச்சி! இருபது வருஷமா நான் அந்த எடத்துல நிக்கேன், எனக்குக் கேட்டதே இல்ல. ரியாஸ் ஒவ்வொரு மைக்கா வச்சுப் பாத்தான். முதல் நாற்காலி மைக்.

எனக்கு எப்படி இருந்திருக்கும்? யாரோ ஒருத்தன்னா சத்தம் போட்டிருவேன். பொண்டாட்டி. சரி, சைனஸா இருக்கும்னு அந்த வாரமே காது மூக்கு தொண்ட டாக்டருகிட்டக் கூட்டிட்டுப் போனேன். நான் ஒண்ணும் கவனிக்காத புருஷன் இல்ல. அந்தாளு லைட்டு அடிச்சுப் பாத்துட்டு, "மூக்கு சுத்தமா இருக்கே, உங்களுக்கு என்னம்மா தொந்தரவு?"ன்னு கேட்டாரு. அவ என்னையப் பாத்தா. "எனக்கு ஒண்ணும் இல்ல டாக்டர்"னா. நான் விடுவேனா? "வாசிக்கும்போது மட்டும் வருது டாக்டர்"னேன். அவரு எதுக்கும் இருக்கட்டும்னு ஒரு சொட்டு மருந்து எழுதிக் குடுத்தாரு.

ஆட்டோவுல வரும்போது சொல்லுதா, "அத்தான், அது சளி இல்ல. நான் மூச்சு எடுக்கேன். அத வச்சுத்தான் ஆர்க்கெஸ்ட்ராப் பிள்ளைங்க சேந்து வருதுங்க"ன்னு.

"அப்ப நான் எதுக்கு நிக்கேன்?"னு கேட்டேன்.

நியாயமான கேள்விதான? அவ ரோட்டப் பாத்துக்கிட்டே வந்தா. வீட்டுக்கு வந்து செருப்பக் கழட்டும்போது, "சரி அத்தான், இனிமே எடுக்கல"ன்னா. அவ்வளவுதான். சொன்னாக் கேப்பா. அந்தக் குணத்துல அவளுக்கு ஈடே கெடையாது.

திரும்ப ரெக்கார்டிங் வச்சோம். அவ வாயும் மூக்கும் பொத்துன மாதிரி உக்காந்திருக்கா. நான் கையத் தூக்கி எறக்குதேன். கல்யாண வீட்டுப் பந்தியில வந்து உக்காருத மாதிரி ஒவ்வொருத்தனா வந்து சேருதான். நிறுத்துங்கன்னேன். திரும்ப எடுத்தோம். திரும்பவும் அதே கத. ஏசி குளிரு ஜாஸ்தி, வெரல் வெறச்சுப் போச்சுன்னு ஏசிய நிறுத்தச் சொன்னேன். அப்பவும் அதேதான். பொறகுதான் கவனிக்கேன், அம்புட்டுப் பேரும் அவளையே பாக்காங்க. என்னைய ஒருத்தனும் பாக்கல. பழக்க தோஷம். அவ கண்ணுக்கு முன்னால இருந்தா இது திருந்தாதுன்னு, அவள செகண்ட் வயலின் கடைசி நாற்காலிக்கு மாத்துனேன். "கொஞ்ச நாளைக்குத்தான் சுகிர்தா"ன்னு நல்ல விதமாத்தான் சொன்னேன். முதல் நாற்காலியில ஃப்ராங்க்ளின்னு ஒருத்தன உக்கார வச்சேன். தங்கமான பையன், ரெண்டு பிள்ளைக்குத் தகப்பன். அவ வயலினையும் தண்ணி பாட்டிலையும் எடுத்துக்கிட்டுப் பின்னால போயிட்டா.

என்ன ஆச்சு தெரியுமா? எல்லாத் தலையும் பின்னால திரும்பிருச்சு! எனக்கு முதுகக் காட்டிக்கிட்டு! சிரிக்கீங்க. சிரிங்க. அன்னைக்கு நான் அழாத குறை.

அப்படியே ஒரு கச்சேரி வந்துச்சு. ஒரு காலேஜ் ஆடிட்டோரியம், நல்ல கூட்டம், பெரிய பெரிய ஆளுங்க. நான் மேடையேறி வணக்கம் சொல்லிட்டுத் திரும்பிக் கையத் தூக்குனேன். எறக்குனேன்.

ஒண்ணும் வரல.

ஃபேன் சுத்துத சத்தம் கேக்குது. திரும்பத் தூக்குனேன். செல்லோவுல ஒருத்தன் ஆரம்பிச்சான், மத்தவன் வரலேன்னதும் பயந்து நிறுத்திட்டான். முன் வரிசையில ஒரு குழந்த, "முடிஞ்சிருச்சா?"ன்னு கேக்குது. எனக்கு முதுகெல்லாம் வேர்வ. அண்ணாச்சி, கையத் தூக்கி எறக்குனா ஒண்ணுமே நடக்கலேன்னா எப்படி இருக்கும்னு உங்களுக்குத் தெரியாது. நீங்க என்ன வேல பாக்கீங்க? பேங்கா? உங்களுக்குத் தெரியாது. பதினெட்டுப் பேரு எனக்கு முன்னால இருக்காங்க, நான் தனியா நிக்கேன். எனக்கு அவளத் தவிர யாரு இருக்கா? பின்னால பாத்தேன். கடைசி நாற்காலியில அவ, வயலினத் தாடையில வச்சு வில்லக் கம்பி மேல வச்சுத் தயாரா இருக்கா. அந்தக் கூட்டத்துலயே என்னையப் பாத்துக்கிட்டு இருந்தது அவ ஒருத்திதான். நான் கண்ணாலயே கேட்டேன். கெஞ்சுனேன்னுதான் வச்சுக்கிடுங்களேன்.

எடுத்தா.

கடைசி வரிசையில இருந்து ஹால் பூராக் கேட்டுச்சு அந்த மூச்சு. அம்புட்டுப் பேரும் ஒண்ணா வந்தான் பாருங்க, ஒரே ஆளு வாசிக்க மாதிரி. நான் அதுக்குப் பொறகுதான் கையவே எறக்குனேன். அன்னைக்கு வாசிச்ச மாதிரி நாங்க என்னைக்கும் வாசிச்சதில்ல. எனக்குக் கண்ணு கலங்கிருச்சு. முடிஞ்சதும் ஜனங்க எந்திரிச்சு நின்னு கை தட்டுதாங்க. நான் முறைப்படி லீடருக்குக் கை குடுத்தேன்.

ஃப்ராங்க்ளினுக்குத்தான். அவன்தான முதல் நாற்காலியில இருக்கான்? அவன் கையக் குடுக்காம எந்திரிச்சு நின்னுக்கிட்டு, "மாஸ்டர், அக்கா அங்க..."ங்கான். நான்தான் அவன் கையப் பிடிச்சு இழுத்துக் குலுக்குனேன். மேடையில முறைன்னு ஒண்ணு இருக்குல்ல? கடைசி நாற்காலி வரைக்கும் நடந்து போயிக் கை குடுக்க முடியுமா? எந்த ஊர்லயாவது பாத்திருக்கீங்களா?

வீட்டுக்கு வந்து நான் கோபமாக்கூடப் பேசல. "நல்லா வாசிச்ச. ஆனா சத்தம் கொஞ்சம் ஜாஸ்தி, முன் வரிசைக்கெல்லாம் கேட்டுருக்கும்"னேன். அவ்வளவுதான் சொன்னேன். அவ தோசை ஊத்திக்கிட்டு இருந்தா. அடுப்ப அணைச்சுட்டு, "எனக்கு அக்காவப் பாக்கணும் போல இருக்கு அத்தான்"னா. மறுநாள் கெளம்பிட்டா. என் மாத்திரையெல்லாம் காலையில எது, மதியம் எதுன்னு தனித்தனியா எடுத்து வச்சுட்டுத்தான் போனா. கோபம் இருக்கவ அப்படிச் செய்வாளா? அதான் எனக்குப் பிடிபடல. நாலு நாள்ல வருவான்னு நெனச்சேன்.

இப்ப கொழும்புல ஒரு கச்சேரிக்குக் கூப்பிட்டுருக்காங்க. வெளிநாட்டுக்கு நாங்க போறது இதான் முதல் தடவ. அடுத்த மாசம். ரிகர்சல் வச்சா ஒண்ணும் ஓடல. ஃப்ராங்க்ளின மூச்சு எடுக்கச் சொன்னேன். எடுத்தான், ஒருத்தனும் வரல. "நான் எடுத்தா யாரும் நம்ப மாட்டேங்காங்க மாஸ்டர்"னான். சரின்னு நானே எடுத்துப் பாத்தேன். என்னத்தச் சொல்ல? வீட்ல கண்ணாடி முன்னால நின்னு ஒரு வாரம் உறிஞ்சிப் பழகிட்டுப் போயி, குச்சியத் தூக்கிக்கிட்டே உறிஞ்சினேன். வியோலாவுல இருக்க பிள்ள பையில இருந்து தைல டப்பாவ எடுத்து நீட்டுது, "சளி பிடிச்சிருக்கா மாஸ்டர்?"னு. பொறகு எல்லாருமாச் சேந்து வந்து சொல்லிட்டாங்க, அக்கா வந்தா வாரோம், இல்லேன்னா கொழும்பு வேண்டாம்னு. நான் உருவாக்குன பிள்ளைங்க அண்ணாச்சி! இருபது வருஷம்!

வீட்லயும் அப்படித்தான் இருக்கு. காலையில எந்திரிச்சுக் கட்டில்லயே உக்காந்திருக்கேன். என்ன முதல்ல செய்யணும்னு தெரியல. பால் காய்ச்சவா, பல்லு வெளக்கவா? அவ ஏதாவது சொல்லுவா, அதுக்கு நான், "தெரியும், தெரியும்"னு சத்தம் போட்டுக்கிட்டே எந்திரிப்பேன். இப்ப யாரும் ஒண்ணும் சொல்லல. பத்து மணி வரைக்கும் அப்படியே உக்காந்துருக்கேன். போன் பண்ணுனா நல்லாத்தான் பேசுதா. மாத்திர போட்டீங்களா, பருப்பு எந்த டப்பாவுல இருக்கு, கரண்ட் பில்லு கட்டிட்டீங்களா, எல்லாம் கேப்பா. எப்ப வாரன்னு கேட்டா, அக்கா கூப்பிடுதான்னு வச்சிருவா. அவ அக்கா ஜாய்ஸ் மதினி காது கேக்காதவ, அவ எங்க கூப்பிட?

இருங்க, போன். அவதான். நான் வாரது எப்படியோ தெரிஞ்சிருக்கு.

ஆ, சுகிர்தா. ஆமா, பஸ்ல. இப்பத்தான் வள்ளியூர் தாண்டுச்சு. போட்டேன், போட்டேன். சாப்பிட்டாச்சு. இல்ல, ஜன்னல் பக்கம் உக்காரல. உன் வயலினையும் கொண்டாரேன். ... அதான், கொழும்பு. ஃப்ராங்க்ளின் போன் பண்ணுனானா? ... முதல் நாற்காலிதான். நான் சொல்லிட்டேன் அவங்ககிட்ட. நீ தாராளமா எடுத்துக்க, எவ்வளவு சத்தமா வேணும்னாலும். நான் ஒண்ணும் சொல்ல மாட்டேன். ... என்னது? ... அது எப்படி? அதான் ப்ரோகிராம் இருக்கே. ... இல்ல, நான் என்ன சொல்ல வாரேன்னா... சுகிர்தா? ... ஏய், சுகிர்தா?

டவர் போயிருச்சு. இந்த மலப் பக்கம் வந்தாலே இப்படித்தான். உங்க போன்ல இருக்கா? இருக்கா? ஒவ்வொருத்தருக்கு ஒவ்வொரு கம்பெனி.

என்ன கேட்டா தெரியுமா? "ப்ரோகிராம் இல்லேன்னாலும் வந்திருப்பீங்களா அத்தான்?"னு கேட்டா. இது என்ன கேள்வி? ப்ரோகிராம் இருக்கு, இல்லேன்னா எதுக்கு அதப் பத்தி யோசிக்க? நீங்களே சொல்லுங்க. ஜன்னல் பக்கம் திரும்பிக்கிட்டீங்க. சரி விடுங்க.

அதுக்குப் பொறகு ஒண்ணு சொன்னா. "வாங்க. கதவு தெறந்துதான் இருக்கும். ஆனா வந்து நின்னதும் நீங்கதான் முதல்ல பேசணும். நான் எடுத்துக் குடுக்க மாட்டேன்." அப்படிச் சொல்லிட்டுத்தான் வச்சா. டவர் அதுக்குப் பொறகுதான் போயிருக்கும்.

பேசத் தெரியாதா எனக்கு? உங்ககிட்ட இவ்வளவு நேரம் பேசிக்கிட்டுத்தான வாரேன். மேடையில மைக் பிடிச்சு எத்தன பேரு முன்னால பேசிருக்கேன். ஆனா பாருங்க, நேத்து மெட்ராஸ்ல ரயில் ஏறுனதுல இருந்து யோசிக்கேன், அவ முன்னால நின்னு என்ன சொல்லன்னு. ஒண்ணும் வரல. "சுகிர்தா"ன்னு ஆரம்பிக்கலாம்னா, அது அவ பேரு, அவளுக்கே தெரியும். "சாப்பிட்டியா"ன்னு கேக்கலாம்னா, பதினோரு மணிக்கு என்ன சாப்பாடு? கொழும்பச் சொன்னா கதவச் சாத்திருவா போல. முப்பத்தஞ்சு வருஷத்துல எங்களுக்குள்ள பேச்ச நான் ஆரம்பிச்சதா எனக்கு ஞாபகமே இல்ல அண்ணாச்சி. எப்பவும் அவ ஒண்ணு சொல்லுவா, அதுல இருந்து நான் பிடிச்சுக்கிடுவேன். என்னால முடியல. அவ இல்லாம என்னால ஒரு வார்த்த எடுக்க முடியல. இத அவகிட்ட எப்படிச் சொல்ல முடியும்? சொல்லுங்க.

இந்தா, வடசேரி பஸ் ஸ்டாண்ட் வந்துட்டு. எல்லாரும் எந்திரிக்காங்க. நீங்களும் இங்கதான? இருங்க, இருங்க, ஒரு நிமிஷம். கூட்டம் எறங்கட்டும். உங்களுக்கும் வீட்ல சண்ட வந்திருக்கும்ல, நீங்களும் கல்யாணம் ஆனவர்தான? வாசல்ல போயி நின்னா நீங்க என்ன சொல்லுவீங்க? கூச்சப்படாதீங்க. முழுசாச் சொல்ல வேண்டாம், முதல் வார்த்தைய மட்டும் சொல்லிட்டுப் போங்க அண்ணாச்சி. அதுக்குப் பொறகு நான் பாத்துக்கிடுதேன்.